தளபதிகளைப் பத்தி டாக்குமெண்டரி எடுக்குற வரலாற்றாசிரியர்களை எந்த அளவுக்கு நம்பலாம்?

மேப்பும்_அம்பும்:

வணக்கம் மக்களே. போர் டாக்குமெண்டரி எது கிடைச்சாலும் விடாம பாக்குற ஆளு நான். அதுலயும் குண்டு வெடிக்கிறதும் டாங்கு ஓடுறதும் எனக்கு அவ்வளவு முக்கியம் இல்ல, அந்த நேரத்துல தளபதி என்ன யோசிச்சாரு, ஏன் அந்த முடிவுக்கு வந்தாருங்கறதுதான் வேணும். இப்ப ரிச்சர்ட் ஹோம்ஸ் பிபிசிக்குப் பண்ண வார் வாக்ஸ் தொடரைத் திரும்பப் பாத்துட்டு இருக்கேன், 1996லயும் 97லயும் ரெண்டு பாகமா வந்துச்சே அது. அஜின்கோர்ட், வாட்டர்லூ, சோம், டன்கர்க்னு ஒவ்வொரு களமா போறாரு. புத்தக அலமாரி முன்னாடி சேர் போட்டு உக்காந்து பேசுற ரகம் இல்ல, நேரா அந்த வயக்காட்டுல இறங்கி நின்னு, இந்தச் சரிவுக்குப் பின்னால ஆளுங்க இருந்தா எதிர்ல இருக்கறவனுக்கு ஒண்ணும் தெரியாதுங்கறதை கையைக் காட்டி விளக்குறப்ப அப்படியே மனசுல பதியுது.

சரி, என் குழப்பத்துக்கு வரேன். முதல் உலகப்போர்ல பிரிட்டிஷ் படைக்குத் தலைமை தாங்கின டக்ளஸ் ஹெய்க்கை எடுத்துக்கோங்க. ஒரு டாக்குமெண்டரில அவரு சின்னப் பசங்களை யோசிக்காம மெஷின் கன் முன்னாடி தள்ளிவிட்ட கசாப்புக்காரர். இன்னொண்ணுல அதே மனுஷன் தப்புல இருந்து கத்துக்கிட்டு 1918ல ஜெர்மன் படையை உடைச்சு ஜெயிச்சுக் குடுத்தவர். ரெண்டுலயும் பேசுறது பெரிய பெரிய வரலாற்றாசிரியருங்க, ஓடுறது அதே கறுப்பு வெள்ளை ஃபிலிம், வாசிக்கிறதும் அதே ஹெய்க் டைரி. அப்ப பாக்குற நான் எதை வெச்சு முடிவு பண்றது?

அப்புறம் இன்னொண்ணும் கேக்கணும். ஹோம்ஸ் சும்மா பேராசிரியர் மட்டும் இல்ல, டெரிடோரியல் ஆர்மில சாதாரண சிப்பாயா சேந்து பிரிகேடியர் வரைக்கும் போனவரு. யூனிஃபார்ம் போட்ட ஒருத்தர் தளபதிகளைப் பத்திப் பேசுனா அதை உள்ளுக்குள்ள இருந்து வர்ற அறிவா எடுத்துக்கறதா, இல்ல தன் கூட்டத்துக்கே பரிஞ்சு பேசுறாருன்னு கொஞ்சம் தள்ளி நின்னு கேக்கறதா? விஷயம் தெரிஞ்சவங்க விளக்கமா சொல்லுங்க, எவ்வளவு நீளமா எழுதினாலும் படிக்கிறேன்.


பழைய_ரீல்:

நல்ல கேள்வி நண்பா. ரெண்டாவது கேள்வியை முதல்ல எடுத்துக்கறேன், ஏன்னா அதுக்குப் பதில் தெரிஞ்சா முதல் கேள்வி பாதி தீந்துடும்.

யூனிஃபார்ம் போட்டாதான் புரியும்னு ஒண்ணும் இல்ல. ஜான் கீகன்னு இன்னொருத்தர், 1960ல இருந்து சாண்ட்ஹர்ஸ்ட் ராணுவ அகாடமில வருஷக்கணக்கா ஆஃபீசர் ஆகப்போற பசங்களுக்குப் பாடம் எடுத்தவர். சின்ன வயசுல காசநோய் வந்து கால்ல பாதிப்பு, ராணுவத்துல சேரவே முடியாத உடம்பு. அவரோட பேர் சொல்ற புத்தகம் 1976ல வந்துச்சு, நான் எந்தப் போர்லயும் இருந்ததில்ல, பக்கத்துல கூடப் போனதில்லன்னு ஒளிவு மறைவு இல்லாம சொல்லிட்டுத்தான் தொடங்குறாரு. ஆனா சண்டைல நிக்கற சாதாரண ஆளுக்கு என்ன நடக்குதுன்னு அவரு எழுதின மாதிரி அதுக்கு முன்னாடி யாரும் எழுதல. ஹோம்ஸும் அதே சாண்ட்ஹர்ஸ்ட்ல 1969ல சேந்தவர்தான், ரெண்டு பேரும் சேந்தே வேலை பாத்திருக்காங்க. ஒருத்தர் யூனிஃபார்ம் போட்டவர், இன்னொருத்தர் போடாதவர், ரெண்டு பேரும் கேட்ட கேள்வி ஒண்ணுதான்: அந்த இடத்துல, அந்த நேரத்துல, அந்த ஆளுக்கு என்ன தெரிஞ்சிருந்துச்சு?

எனக்கு ஒரு வரலாற்றாசிரியரை எடை போட இதுதான் உரைகல். முடிவு தெரிஞ்சுக்கிட்டு பின்னாடி இருந்து பேசுறாரா, இல்ல அந்த ராத்திரிக்குள்ள நம்மளையும் கூட்டிட்டுப் போறாரா?

லெ கத்தோ சண்டையைச் சொல்றேன். 1914 ஆகஸ்ட், மோன்ஸ்ல இருந்து பிரிட்டிஷ் படை பின்வாங்கிட்டு இருக்கு. தலைமைத் தளபதி சர் ஜான் ஃப்ரெஞ்ச் போட்ட ஆர்டர் தெளிவு, நிக்காம பின்னால போயிட்டே இரு. ரெண்டாவது கோருக்கு, அதாவது சில டிவிஷன் சேந்த பெரிய படைப்பிரிவுக்குத் தலைவர் ஹொரேஸ் ஸ்மித்-டோரியன். ஆகஸ்ட் 26 விடியக்காலை ரெண்டு மணி வாக்குல குதிரைப்படைத் தலைவர் ஆலன்பி வந்து நிக்கறாரு, என் ஆளுங்களும் குதிரைங்களும் சிதறிக் கிடக்கு, உங்களுக்கு முன்னாடி இருக்கற மேட்டை என்னால பிடிச்சு வெச்சுக்க முடியாது, இருட்டோட இருட்டா கிளம்பலன்னா விடிஞ்சதும் எதிரி உங்க மேல வந்து விழுவான்னு சொல்றாரு. உடனே ஸ்மித்-டோரியன் தன்னோட டிவிஷன் கமாண்டர் ஹாமில்டனைக் கூப்பிட்டு எப்ப கிளம்ப முடியும்னு கேக்கறாரு. ஒன்பது மணிக்கு முன்னாடி வாய்ப்பே இல்ல, ஆளுங்க இன்னும் வந்து சேந்துட்டே இருக்காங்க, நடக்கவே முடியலங்கறாரு அவரு. இப்ப கணக்கு போட்டுப் பாருங்க. ஆர்டர் பின்வாங்குங்குது. பின்வாங்குனா ரோட்டுல நடந்துட்டு இருக்கறப்பவே அடி விழும். நின்னா ஆர்டரை மீறினதா ஆகும், தோத்தா மூணு டிவிஷனும் காலி. நிக்கறதுன்னு முடிவு பண்ணாரு. அன்னிக்கு 7,812 பேர் இழப்பு, 38 பீரங்கி போச்சு, ஆனா எதிரிக்கு விழுந்த அடில மத்தவங்க தப்பிச்சுப் போக நேரம் கிடைச்சுது.

இதுல ஹோம்ஸோட தனிச்சிறப்பு என்னன்னா, அவரு அந்த ஜான் ஃப்ரெஞ்சோட வாழ்க்கை வரலாற்றை 1981லயே எழுதினவர். அதாவது ஆர்டர் போட்டவர் பக்கத்தை அலசி முடிச்சவர். அதுக்கப்புறம் அந்தப் பின்வாங்கல் பாதை முழுக்க குதிரைலயே போய் பாத்துட்டு வந்தாரு. ஃப்ரெஞ்ச் 1914 செப்டம்பர் அறிக்கைல ஸ்மித்-டோரியனைப் புகழ்ந்து தள்ளிட்டு, 1915 மே மாசம் வேலையை விட்டே அனுப்பி, 1919ல தன்னோட நினைவுக் குறிப்புல அவரைப் போட்டுத் தாக்கினாரு. ஒரே சண்டைக்கு ஒரே ஆள் ரெண்டு விதமா சாட்சி சொல்றாரு. இந்த மாதிரி விஷயத்தையெல்லாம் ஆவணத்துல தோண்டிட்டு வந்தவர் களத்துல போய் நின்னு பேசுறதுக்கும், ஸ்கிரிப்டை மனப்பாடம் பண்ணிட்டு வந்து பேசுறவர் நிக்கறதுக்கும் நிறைய வித்தியாசம் இருக்கு. யூனிஃபார்ம் அதுக்கப்புறம்தான்.


ஒலிநாடா:

மேல எழுதினவர் சொன்னது எல்லாமே பேசுறவரைப் பத்தி. நான் படத்தைப் பத்திச் சொல்றேன், ஏன்னா கேள்வில அதே கறுப்பு வெள்ளை ஃபிலிம்னு ஒரு வார்த்தை இருக்கே, அதைச் சும்மா தாண்டிப் போகக்கூடாது.

சோம் சண்டைன்னு எந்த டாக்குமெண்டரி பாத்தாலும் ஒரு காட்சி வரும், பதுங்குகுழில இருந்து சிப்பாய்ங்க மேல ஏறி ஓடுவாங்க, ஒருத்தர் ஏறும்போதே சரிஞ்சு திரும்ப உள்ள விழுவாரு. அது 1916 ஆகஸ்ட்ல பிரிட்டன் தியேட்டர்ல ஓடின படத்துல இருந்து எடுத்தது. ஜெஃப்ரி மாலின்ஸ், ஜான் மெக்டவல்னு ரெண்டே கேமராமேன், ஆறு வாரத்துல ஏறக்குறைய 2 கோடி டிக்கெட் வித்துச்சு, இப்ப யுனெஸ்கோ உலக நினைவுப் பதிவேட்டுல இருக்கு. ஆனா அந்த ஏறி ஓடுற காட்சி களத்துல எடுத்ததே இல்ல, பின்னால இருந்த பயிற்சி மைதானத்துல நடிக்க வெச்சு எடுத்தது. நிறுத்தி நிறுத்திப் பாருங்க. முள்கம்பி இருக்க வேண்டிய அளவுக்கு இல்ல, சிப்பாய்ங்க முதுகுல முழு மூட்டை இல்ல, புகைக்குள்ள ஓடுற அடுத்த ஷாட்டுல செத்து விழுந்தவர் ஒருத்தர் காலை சௌகரியமா மாத்திப் போட்டுக்கறாரு. கேமராமேன் நிக்கற இடத்தையும் யோசிங்க, நிஜமாவே குண்டு பறக்கறப்ப அவ்வளவு உயரத்துல கேமராவை ஸ்டாண்டு போட்டு நிறுத்தி கையால சுத்திக்கிட்டு இருக்க முடியுமா.

அதுக்காக மொத்தப் படமும் பொய்னு சொல்லல. அதே படத்துல ஹாதார்ன் மேட்டுல கண்ணிவெடி வெச்சு மண்ணு மலை மாதிரி கிளம்புற காட்சி நூத்துக்கு நூறு நிஜம், ஜூலை 1 காலைல 7.20க்கு மாலின்ஸ் எடுத்தது. காயம்பட்டவங்களைத் தூக்கிட்டு வர்றதும் நிஜம். நடிச்ச ஷாட் ரொம்பக் கொஞ்சம், ஆனா கஷ்டகாலம், எல்லாரும் எடுத்து ஒட்டுறது அந்தக் கொஞ்சத்தைத்தான், ஏன்னா பாக்க அதுதான் சண்டை மாதிரி இருக்கு.

ஸ்டாலின்கிராட் பக்கம் 1942 நவம்பர்ல ரெண்டு சோவியத் படை சந்திச்சு கட்டிப்பிடிச்சுக்கற காட்சியும் அப்படித்தான், நிஜ சந்திப்பு முடிஞ்சு சில நாள் கழிச்சு கேமராவுக்காகத் திரும்ப நடத்தினது. சத்தம் இன்னொரு பெரிய ஏமாத்து. பழைய போர் ஃபிலிம்ல பெரும்பாலானதுக்கு ஒலியே கிடையாது, துப்பாக்கி சத்தம் பீரங்கி சத்தம் எல்லாம் அப்புறம் சேத்தது. ரெண்டு மூணு கிலோமீட்டர் தள்ளி குண்டு வெடிக்குது, வெளிச்சம் வந்த அதே நொடில சத்தமும் வந்தா அது எடிட்டிங் ரூம்ல போட்ட சத்தம். 1940 ஃபிரான்ஸ்னு சொல்லிட்டு டைகர் டாங்கு ஓட விட்டா சட்டுனு உஷாராகிடுங்க, டைகர் களத்துக்கு வந்ததே 1942ல.

இதைச் சின்ன விஷயம்னு தள்ளாதீங்க. எந்த ஃபிலிம் எங்க எப்ப எடுத்ததுன்னு கவலைப்படாத டீம், எந்த ஆர்டர் எத்தனை மணிக்குப் போச்சுன்னு மட்டும் எதுக்குக் கவலைப்படப் போகுது? தளபதியைப் பத்தி அவங்க சொல்றதை நம்பறதுக்கு முன்னாடி இந்த மாதிரி நாலு ஷாட்டைப் பாத்தாலே எவ்வளவு மெனக்கெட்டிருக்காங்கன்னு தெரிஞ்சுடும்.


மழைக்காலப்_படை:

களத்துல போய் நின்னா எல்லாம் புரிஞ்சுடும்ங்கறதுல எனக்கு உடன்பாடு இல்ல. ஹோம்ஸ் மேல மரியாதை நிறைய இருக்கு, ஆனா இந்த நடந்து காட்டுற பாணிக்கு ரெண்டு குறை இருக்கு, அதைச் சொல்லியே ஆகணும்.

முதல் குறை, களமே மாறிப்போயிருக்கும். வாட்டர்லூ போனவங்களைக் கேளுங்க, சிங்கம் வெச்ச பெரிய மண்மேடு ஒண்ணு நிக்கும், 40 மீட்டருக்கு மேல உயரம், 1820கள்ல கட்டினது. அதுக்கு மண்ணு எங்க இருந்து எடுத்தாங்க? பிரிட்டிஷ் பக்கத் தளபதி வெலிங்டன் தன் படையை எதுக்குப் பின்னால மறைச்சு வெச்சிருந்தாரோ அந்த மேட்டுல இருந்தேதான். வெலிங்டன் அப்புறம் வந்து பாத்துட்டு என் போர்க்களத்தையே கெடுத்துட்டாங்கன்னு சொன்னதா ஒரு கதையே உண்டு. இன்னிக்கு அங்க நின்னு கையைக் காட்டினா பாதி சரிவு இல்லவே இல்லங்கறதையும் சேத்துச் சொல்லணும், நல்லவங்க சொல்லுவாங்க.

ரெண்டாவது குறைதான் பெருசு. தலைமையோட முக்கால்வாசி வேலை கேமராவுக்குச் சிக்காது. பர்மா போர்முனைல 14வது ராணுவத்துக்குத் தலைமை ஏத்த வில்லியம் ஸ்லிம் கதையைப் பாருங்க. 1943ல அவரோட பெரிய எதிரி ஜப்பான்காரன் இல்ல, மலேரியா. காயம்பட்டுப் பின்னால அனுப்பற ஒவ்வொரு ஆளுக்கும் நோய்ல 120 பேரை அனுப்ப வேண்டி இருந்துச்சுன்னு அவரே எழுதியிருக்காரு. மெபாக்ரின் மாத்திரை இருக்கு, சாப்பிட்டா கட்டுப்படும், ஆனா அதைச் சாப்பிட்டா ஆண்மை போயிடும்னு சிப்பாய்ங்க நடுவுல வதந்தி, யாரும் முழுங்க மாட்டேங்கறாங்க. ஸ்லிம் என்ன பண்ணாரு, சொல்லாம கொள்ளாம யூனிட் யூனிட்டா ரத்தப் பரிசோதனை வெச்சாரு, 95 சதவீதத்துக்குக் கீழ இருந்தா அந்தக் கமாண்டிங் ஆஃபீசரை வேலையை விட்டுத் தூக்கிட்டாரு. மூணு பேரைத்தான் தூக்க வேண்டி வந்துச்சு, அதுக்குள்ள மத்தவங்களுக்கு விஷயம் புரிஞ்சுடுச்சு.

இது தலைமைத்துவம் இல்லாம வேற என்ன? ஆனா இதை எந்த வயக்காட்டுல நின்னு காட்டுவீங்க? மாத்திரை, ரத்தப் பரிசோதனை ரிப்போர்ட்டு, விமானத்துல எவ்வளவு அரிசி இறக்கினாங்கங்கற கணக்கு, மழைல ரோடு தாங்குமாங்கற கவலை, இதெல்லாம் டிவில போரடிக்கும்னு தயாரிப்பாளருங்களே முடிவு பண்ணி வெட்டிடறாங்க. அப்புறம் மீதி இருக்கறது குதிரை, மேடு, அம்புக்குறி. பாக்குறவன் தலைமைன்னா ஒரு பெரிய ஆளு மேட்டுல நின்னு கையை நீட்டுறதுன்னு நினைச்சுக்கறான். பேப்பரையும் சாப்பாட்டையும் மருந்தையும் பத்தி ஒரு பத்து நிமிஷமாவது பேசுற டாக்குமெண்டரிதான் என்னைப் பொறுத்தவரைக்கும் நம்பிக்கைக்கு உரியது.


மேப்பும்_அம்பும்:

எல்லாருக்கும் ரொம்ப நன்றி, அந்தக் கால் மாத்திப் போடுற சிப்பாயை இப்பதான் போய் பாத்தேன், இனிமே அந்த ஷாட்டை வேற மாதிரி பாக்கவே முடியாது. ஸ்லிம் விஷயம் அருமை.

ஆனா ஹெய்க் கேள்வி அப்படியே நிக்குது. குறிப்பா அந்த டைரில 1916 ஜூலை 2ம் தேதி, அதாவது சோம் சண்டை தொடங்கின மறுநாள் அவர் எழுதின வரி, இதுவரைக்கும் 40,000த்துக்கு மேல இழப்புன்னு மதிப்பீடு, இறங்கின ஆளுங்க எண்ணிக்கையைப் பாத்தா இதைக் கடுமைன்னு சொல்ல முடியாதுங்கற மாதிரி எழுதியிருப்பாரு. இதைப் படிச்சுக் காட்டுனாலே ரத்தம் கொதிக்குது. இதுக்கு என்ன விளக்கம் இருக்க முடியும்?


கம்பியில்லாத்_தந்தி:

அந்த வரியை ஒரு டாக்குமெண்டரி எப்படிப் பயன்படுத்துதுன்னு பாத்தாலே அது எந்த ரகம்னு தெரிஞ்சுடும். கல்லறை வரிசையைக் காட்டிட்டு, சோக மியூசிக் போட்டு, இந்த வரியை வாசிச்சா பாக்குறவங்களுக்கு வேற எதுவும் தேவையில்ல, தீர்ப்பு முடிஞ்சுது.

ஆனா உண்மையான எண்ணிக்கை என்ன? முதல் நாள் மட்டும் 57,470 பேர் இழப்பு, அதுல 19,240 பேர் செத்தவங்க. ஹெய்க் எழுதினது மறுநாள், 40,000னு. அதாவது தன் படைக்கு என்ன ஆச்சுங்கறதே தலைமைத் தளபதிக்குத் தெரியாது. முழுக் கணக்கு அப்புறம்தான் வந்துச்சு. எனக்கு அவரோட குணத்தைவிட இதுதான் பெரிய விஷயமா படுது. 1916ல தளபதிகிட்ட டெலிஃபோன் இருக்கு, ஆனா அந்த வயர் தன்னோட முன்வரிசைக் குழி வரைக்கும்தான். ஆளுங்க மேல ஏறி எதிர்ப்பக்கம் போன அந்த நிமிஷத்துல இருந்து ஒண்ணும் தெரியாது. தூக்கிட்டுப் போற மாதிரி ரேடியோ கிடையாது. ஓடி வந்து சொல்ற ஆளு, புறா, வானத்துல விடுற சைகை வெளிச்சமான ஃப்ளேர், அவ்வளவுதான். வெலிங்டன் வாட்டர்லூல குதிரை மேல உக்காந்து, தோல்துண்டுல பென்சிலால ஆர்டர் எழுதி அனுப்பினாரு, ஊகுமோன் வீட்டுக் கூரைல தீ பிடிச்சதைத் தானே பாத்து, தீ எட்டாத இடத்துல ஆளுங்களை வெச்சுக்கோன்னு எழுதின துண்டு இருக்கு. கண்ணால பாத்து, கையால எழுதி, கொஞ்ச நேரத்துல போய்ச் சேர்ற ஆர்டர். நூறு வருஷம் கழிச்சு படை பல மடங்கு பெருசு, ஆனா தளபதி குருடு.

சோம்ல அதே ஹாதார்ன் மேட்டுக்குப் பக்கத்துல, போமோன்-ஹாமெல்ல நடந்ததைப் பாருங்க. 29வது டிவிஷன் தலைமையகத்துல வெள்ளை ஃப்ளேர் ஒண்ணைப் பாத்தாங்க. வெள்ளைன்னா நம்ம ஆளுங்க ஜெயிச்சுட்டாங்கன்னு அர்த்தம்னு எடுத்துக்கிட்டாங்க. அது ஜெர்மன்காரன் விட்ட ஃப்ளேர். அதை நம்பி அடுத்த படையை அனுப்புனதுல நியூஃபவுண்ட்லேண்ட் ரெஜிமெண்ட் 9.15 மணிக்குக் கிளம்புச்சு, முன்வரிசைக் குழில பொணமும் காயம்பட்டவங்களும் அடைச்சுக் கிடந்ததால பின்னால இருந்தே திறந்த வெளில நடந்து வந்தாங்க. 800 பேர் வாக்குல போனாங்க. மறுநாள் பேர் கூப்பிட்டப்ப பதில் சொன்னது 68 பேர்.

இதையெல்லாம் சொல்றது ஹெய்க்கைக் காப்பாத்த இல்ல. திட்டம் அவரோடது, பீரங்கி அடி முள்கம்பியை அறுத்திருக்கும்னு நம்புனது அவரு, நவம்பர் வரைக்கும் அந்தச் சண்டையை இழுத்துட்டுப் போனதும் அவருதான், அதுக்கெல்லாம் பதில் சொல்லித்தான் ஆகணும். ஆனா அந்த ஒரு வரியை வெச்சுத் தீர்ப்பு சொல்றவரும், அந்த வரியையே மறைச்சுட்டு 1918 வெற்றியை மட்டும் காட்டுறவரும் ஒரே வேலையைத்தான் செய்யறாங்க. 1964ல பிபிசி 26 பகுதியா முதல் உலகப்போர் தொடர் எடுத்தப்பவே இந்தச் சண்டை வெடிச்சுது, சோம் பகுதி தளபதிகளோட தப்பை மழுப்புதுன்னு சொல்லி ஆலோசகரா இருந்த ராணுவ வரலாற்றாசிரியர் லிடெல் ஹார்ட் என் பேரை எடுத்துடுங்கன்னு விலகினாரு. அறுபது வருஷமா முடியாத வழக்கு, ஒரு மணி நேர நிகழ்ச்சி முடிச்சு வெச்சுடும்னு எதிர்பாக்காதீங்க.


பழைய_ரீல்:

இதுக்கு ஒரு நிஜ உதாரணம் ஞாபகம் வருது. டான் ஸ்னோ தெரியும்ல, டிவில போர் வரலாறு நிறையப் பண்றவரு. அவரோட கொள்ளுத்தாத்தா தாமஸ் டாய்லி ஸ்னோ பிரிட்டிஷ் ஜெனரல். நான் முன்னாடி சொன்ன லெ கத்தோல ஸ்மித்-டோரியனோட சேந்து நின்ன 4வது டிவிஷன் அவரோடதுதான். அதே ஆளு சோம் முதல் நாள்ல கோம்கூர் தாக்குதலுக்குப் பொறுப்பு. அது திசைதிருப்பற தாக்குதல், எதிரி கவனம் இங்க வரணும்னு ஏற்பாட்டையெல்லாம் வேணும்னே தெரியற மாதிரி செஞ்சாங்க. நாம வரோம்னு அவங்களுக்கு நல்லாவே தெரியும்னு ஹெய்க்கிட்ட அவரே சொன்னாரு. ரெண்டு டிவிஷன்ல 6,700 பேருக்கு மேல இழப்பு. அப்புறம் 46வது டிவிஷனுக்குத் தாக்குற வேகம் பத்தலன்னு ரிப்போர்ட் எழுதி, அதோட தலைவரை வீட்டுக்கு அனுப்பிட்டாங்க.

2008ல பிபிசில குடும்பமும் முதல் உலகப்போரும் பத்தின நிகழ்ச்சில டான் ஸ்னோ கேமரா முன்னாடியே இதை எதிர்கொண்டாரு. மழுப்பல, தாத்தாவுக்காக வாதாடவும் இல்ல. மேப்பும்_அம்பும் கேட்ட கேள்விக்கு, அதாவது தன் கூட்டத்துக்குப் பரிஞ்சு பேசுவாங்களாங்கறதுக்கு, இதைவிட நேரடியா பதில் கிடைக்காது. ரத்த சொந்தம் இருந்தாலும் ஆவணத்தைக் காட்ட முடியும், ஒரு சொந்தமும் இல்லாம ஆவணத்தை மறைக்கவும் முடியும்.


மலாயா_ரயில்:

எல்லாரும் பிரிட்டிஷ் தளபதிகளைச் சுத்தியே வர்றீங்க. அதுவே இந்த டாக்குமெண்டரிங்களோட பெரிய ஓட்டைன்னு நான் சொல்லுவேன். ஆங்கிலத்துல வர்றதையே பாத்துப் பழகினா எதிர்ப்பக்கத் தளபதி வெறும் அம்புக்குறிதான்.

ஸ்லிம் பேச்சு வந்ததால அதே களத்தைச் சொல்றேன். 1944 இம்பால் கோஹிமா, ஜப்பான் பக்கம் தளபதி முட்டாகுச்சி ரென்யா. சப்ளை பத்தாதுன்னு கீழ இருந்தவங்க சொல்லச் சொல்ல, மூணு வார சாப்பாட்டோட படையை மலைக்குள்ள அனுப்பினாரு. கோஹிமாவைத் தாக்கின 31வது டிவிஷனுக்குத் தலைவர் சாட்டோ கோட்டோகு. சாப்பாடும் வரல, குண்டும் வரல, மழை ஆரம்பிச்சுடுச்சு. மே கடைசில மேல இருந்து வந்த ஆர்டரை மீறிப் படையைப் பின்னால எடுத்தாரு. ராணுவ நீதிமன்றத்துல நிறுத்துங்க, நான் எல்லாத்தையும் அங்க சொல்றேங்கற முடிவோட இருந்தாரு. நீதிமன்றம் வெச்சா முட்டாகுச்சி வண்டவாளம் வெளில வரும்னு அவருக்கு மனநிலை சரியில்லன்னு சொல்லி ஒதுக்கிட்டாங்க. அந்தப் போர்ல முட்டாகுச்சி தனக்குக் கீழ இருந்த மூணு டிவிஷன் தலைவருங்களையும் பதவில இருந்து தூக்கினாரு, மூணு பேரையும்! இப்ப இதை ஸ்மித்-டோரியன் கதையோட பக்கத்துல வெச்சுப் பாருங்க. ஆர்டரை மீறிய ஒருத்தர் படையைக் காப்பாத்தினவர்னு பேர் வாங்கறாரு, இன்னொருத்தர் பைத்தியம்னு பேர் வாங்கறாரு.

அதே களத்துல இந்திய தேசிய ராணுவமும் ஜப்பான் பக்கம் நின்னுச்சு, மலாயா ரப்பர் தோட்டத்துல வேலை பாத்துட்டு இருந்த நம்ம தமிழ் ஆளுங்க எத்தனையோ பேர் நேதாஜி படைல சேந்தவங்க. எதிர்ல ஸ்லிம் படைலயும் பெரும்பான்மை இந்திய சிப்பாய்ங்கதான். ரெண்டு பக்கமும் நம்ம ஆளுங்க நிக்கற ஒரு சண்டையைப் பத்தி எடுக்கறப்ப நேதாஜி படைக்கு ஒரே ஒரு வாக்கியம் ஒதுக்கிட்டுப் போற படங்களை என்னால முழுமையானதுன்னு ஏத்துக்க முடியாது.

யாரைப் பேச வைக்கணும்ங்கறதுல எனக்குப் பிடிச்சது 1973ல தேம்ஸ் டெலிவிஷனுக்கு ஜெரமி ஐசக்ஸ் தயாரிச்ச ரெண்டாம் உலகப்போர் தொடர், அதுவும் 26 பகுதி. பேர் போன தலைவர்களை விட அவங்க பக்கத்துல நின்ன உதவியாளருங்க, செயலாளருங்க, அட்ஜுடண்டுங்க, சாதாரண ஜனங்களைத்தான் அவர் தேடித் தேடிப் பிடிச்சாரு. தளபதி தன்னைக் காப்பாத்திக்கப் பேசுவாரு, பக்கத்துல நின்னவர்கிட்ட அந்தக் கட்டாயம் கொஞ்சம் கம்மி. நாஜி எஸ்எஸ் படைத் தலைவர் ஹிம்லரோட அட்ஜுடண்டா, அதாவது நெருங்கிய உதவி அதிகாரியா இருந்த கார்ல் வோல்ஃப் அதுல பேசுறாரு, ஹிம்லர் முன்னாடி கூட்டமா ஆளுங்களைச் சுட்டுக் கொன்னப்ப தானும் அங்க நின்னதை அவரு வாயாலயே சொல்ல வெச்சாங்க. வருஷக்கணக்கா எனக்கு ஒண்ணும் தெரியாதுன்னு சொல்லிட்டு இருந்த ஆளு. ஆராய்ச்சி பண்ற டீம் எவ்வளவு பொறுமையா பின்னாடியே போயிருந்தா இது நடந்திருக்கும்!


மழைக்காலப்_படை:

சாட்டோவை எடுத்துப் போட்டதுக்கு நன்றி, ஸ்லிம் மாத்திரைக்காக ஆஃபீசரைத் தூக்கினதும் முட்டாகுச்சி உண்மையைச் சொன்னதுக்காக ஆஃபீசரைத் தூக்கினதும் ஒரே காலகட்டத்துல எதிரெதிர் பக்கம் நடந்திருக்கு, இதை மட்டுமே வெச்சு ஒரு முழு டாக்குமெண்டரி எடுக்கலாம், யாராவது எடுக்கணும்.


பழைய_ரீல்:

மேப்பும்_அம்பும், உங்களுக்கு நடைமுறைல உதவுற மாதிரி ஒரு வழி சொல்றேன். ராணுவ அகாடமிங்கள்ல ஸ்டாஃப் ரைடுன்னு ஒண்ணு நடத்துவாங்க, ஆஃபீசருங்களைப் பழைய களத்துக்குக் கூட்டிட்டுப் போய், இப்ப மணி ரெண்டு, உன்கிட்ட இருக்கற தகவல் இவ்வளவுதான், என்ன பண்ணுவன்னு கேப்பாங்க. பதில் சொன்னதுக்கு அப்புறம்தான் நிஜத்துல என்ன ஆச்சுன்னு சொல்லுவாங்க. அதையே நீங்க வீட்டுல செய்யலாம். தளபதி முடிவெடுக்கற இடம் வந்ததும் படத்தை நிறுத்துங்க, அவருக்கு இப்ப என்னென்ன தெரியும், என்ன தெரியாது, எவ்வளவு நேரம் இருக்குன்னு எழுத முயற்சி பண்ணுங்க. எழுத முடிஞ்சா அந்த வரலாற்றாசிரியர் தன் வேலையைச் செஞ்சிருக்காருன்னு அர்த்தம். எழுத ஒண்ணுமே இல்லாம, இவரு வீரர் இவரு முட்டாள்ங்கறது மட்டும் கைல மிஞ்சினா அடுத்ததுக்குப் போயிடுங்க. ஹெய்க்கைத் திட்டுற படத்துக்கும் புகழுற படத்துக்கும் இதையே செஞ்சு பாத்துட்டு எது தேறுச்சுன்னு இங்க வந்து எழுதுங்க, நானும் கூடவே பாக்கறேன்.